பொதுக்கனவுக் கொள்கை

நனவு, கனவு, உறக்கம், பேருறக்கம், உயிர்ப்படக்கம் என்னும் ஐந்தவத்தைகளுள் முதன் மூன்றும் எல்லார்க்கும் நாடோறும் நிகழ்வன. அவற்றுள் நனவு பலர்க்கும் பொதுவாகிய உலகத்தோடு கூடியது; உறக்கம் எவ்வுலகமுந் தோன்றப் பெறாதது; கனவோ உலகந் தோன்றப் பெற்றும், அவ்வுலகம் கண்டான் ஒருவனுக்கன்றிப் பிறர்க்குப் புலனாகாதது. ஒருவன் கண்ட கனவை அவன் எடுத்துரைப்பக் கேட்டறியலாமன்றி, உடனின்று காண்டல் உலகியலில் இல்லை. அஃது இயலும் எனக் கொண்டு, அதற்குக் காரணமுங் கற்பித்து, அக்காரணத்தை ஒரு விஞ்ஞானக் கொள்கை போல நிறுவ முயன்ற கதையொன்று ஆங்கிலத்தில் உண்டு. ஜார்ஜ் டு மோரியே என்பார் இயற்றி 1891-ல் வெளிவந்த 'பீட்டர் இபெட்ஸன்' என்னும் நாவலே அது.

அதன் ஆசிரியர் 1834-ல் பாரிசு நகரிற் பிறந்து, 'பஞ்ச்' என்னும் இலண்டன் இதழிற் சித்திரக்காரராய் நெடுங்காலம் விளங்கி, 1896-ல் மறைந்தவர். இளமையில் ஒரு கண்ணின் பார்வையை இழந்தவர். அவர் எழுதிய முதல் நாவல் இது. இது 1917-ல் நாடகமாகவும், 1931-ல் இசை நாடகமாகவும், 1935-ல் திரைப்படமாகவும் நடிக்கப்பெற்றது. பின்வந்தோர் இக்கருத்தை விட்டிலர். ஜப்பானிய ஆசிரியர் யசுடாகா ட்சுட்சுயி 1993-ல் வெளியிட்ட 'பாப்ரிகா' என்னும் நாவலும், 2010-ல் வெளிவந்த 'இன்செப்ஷன்' என்னும் திரைப்படமும் பிறர் கனவிற் புகுதற்குக் கருவிகளைக் கற்பித்தன. இவை வெறும் பொழுதுபோக்கென ஒதுக்கத்தக்கன அல்ல. கனவு பலர்க்குப் பொதுவாகுமாயின், அதனைக் காணும் அறிவும் பலர்க்கு ஒன்றேயாதல் வேண்டுமோ, அன்றோ என்னும் வினா எழும். உயிர்கள் பல என்னுஞ் சித்தாந்தத் துணிபும் அவ்வினாவால் தொடப்படும். அதுபற்றி இக்கொள்கையின் மூலமாகிய முதற்கதையே இங்கு ஆராயப்படுகின்றது.

கதை வருமாறு: பாரிசை அடுத்த பாஸி என்னும் ஊரில் கோகோ, மிம்ஸி எனச் செல்லப்பெயர் பூண்ட சிறுவனுஞ் சிறுமியும் ஒருங்கு விளையாடி வளர்கின்றனர். பெற்றோரை இழந்த கோகோவைக் கர்னல் இபெட்ஸன் என்னும் உறவினன் இங்கிலாந்துக்குக் கொண்டுபோய்ப் பீட்டர் இபெட்ஸன் எனப் பெயர் மாற்றி வளர்க்கின்றான். ஆண்டு பல கழிந்தபின் பீட்டர் டவர்ஸ் சீமாட்டி என்பாளைத் தற்செயலாகக் காண்கின்றான். பின் அவன் பழைய ஊரைக் கண்டுவரச் சென்றபோது, ஓரிரவில் அவளே கனவிற் றோன்றி, 'மெய்க்கனவு' காணும் முறையைக் கற்பிக்கின்றாள். மல்லாந்து கிடந்து, கைகளைத் தலைமேல் வைத்து, கால்களை ஒன்றன்மேல் ஒன்றாக மாறியிட்டு, சேரவேண்டும் இடத்தை இடையறாது நினைந்து உறங்கல் வேண்டும் என்பது அம்முறை. பின்னொரு நாள் இருவரும் நனவிற் சந்தித்து உரையாடுங்கால், அக்கனவை அவளுங் கண்டாள் என்பதும், அவளே பழைய மிம்ஸியாகிய மேரி என்பதும் வெளியாகின்றன. அப்பால் தன் தாயின் கற்பைப் பழித்த இபெட்ஸனைப் பீட்டர் கொன்று தூக்குத்தண்டனை பெறுகின்றான். அஃது ஆயுட்சிறையாக மாற்றப்படுகின்றது. அதுமுதல் 25 ஆண்டு பகலிற் கைதியாகவும், இரவில் மேரியோடு ஒரு கனவு மாளிகையில் வாழ்வானாகவும் அவன் காலங் கழிக்கின்றான். மேரி இறந்தபின் அவன் பித்தனாகின்றான். பின்னர் அவள் கனவில் மீண்டு வந்து மறுமையின் இயல்பை அவனுக்கு உரைக்கின்றாள்.

இக்கதையினின்று பெறப்படும் கொள்கை மூன்று கூறாக நிற்கும். கனவு இருவர் ஒருங்கு சென்று சேரத்தக்க ஓர் இடம் என்பது ஒன்று. அவ்விடத்துக்குப் பொருளாவன கண்டார் நினைவும், குருதி வழியாக அவர்பால் இறங்கிய முன்னோர் நினைவும் என்பது மற்றொன்று. பீட்டரும் மேரியும் கேட்டியென் என்னும் ஒரு மூதாட்டியின் வழிவந்தோராதலின், அவள் கண்டவற்றையும் கேட்டவற்றையும் அவர்கள் கனவில் மீளக் காண்கின்றனர். எவ்வளவு சிறிய உணர்ச்சியும் அழியாது ஈற்றில் ஒன்றாகிய பேரறிவிற் சென்று கூடும் என்பது மூன்றாவது.

இவற்றை மறுக்குமுன், இக்கதையிற் கொள்ளத்தக்கன சில உண்டு என்பதையுங் கூறுதல் நடுநிலையாம். கனவை மூளையின் வெறும் கலக்கமாகக் கருதி இகழ்ந்த காலத்தில், கனவுக்கும் ஒழுங்குண்டு என்றும், கனவைக் காண்பான் அக்கனவின் வேறாய் நின்று இது கனவென அறிதல் கூடும் என்றும் இவ்வாசிரியர் கண்டார். கனவிற் றோன்றும் பழங்காட்சிகளைப் பார்க்கலாம், கேட்கலாம். அங்குள்ள மாந்தர் இவர்களைக் காணார். இவர்கள் அவர்களைத் தொடின் காட்சி கலங்கும் என்று அவர் விதித்த வரையறை நுட்பமுடையது. சென்றதைக் காணலாம், மாற்றலாகாது என்னும் துயரமே கதை முழுதும் ஊடுருவி நிற்கின்றது. இறந்த தாயைப் பழைய வீட்டு வாயிலிற் கண்டும் பேசமாட்டாது நிற்கும் மகனை அவர் காட்டுமிடம் கற்றார் நெஞ்சையும் நெகிழ்விக்கும்.

இனி முதற்கூற்றை ஆராயலாம். சிவஞானபோதம் மூன்றாஞ் சூத்திரம் உயிருண்மையை ஏழு ஏதுக்களால் நாட்டும். அவற்றுள் ஒன்று, ஐம்பொறியும் ஒடுங்கிய கனவின்கண்ணும் அறிவது ஒன்று உளதாகலின் உயிர் பொறிகளின் வேறு என்பது. நனவில் நெற்றியைத் தானமாகக் கொண்டு 35 கருவிகளோடு நின்ற உயிர், ஞானேந்திரியம் ஐந்தும் கன்மேந்திரியம் ஐந்தும் அவ்விடத்தே நிற்பக் கண்டத்தில் 25 கருவிகளோடு நிற்பது கனவு என்ப. ஆகவே, சித்தாந்தத்திற் கனவென்பது உயிர் போய்ப் புகும் ஓர் ஊர் அன்று. உயிர்க்குக் கருவி குறைந்தவழி எய்தும் ஓர் அவத்தையே. அவத்தை அதனையுடைய உயிர்க்கே உரியது. ஒருவன் பசியைப் பிறனொருவன் பசித்தல் யாங்ஙனம் இயலாதோ, அங்ஙனமே ஒருவன் அவத்தையிற் பிறனொருவன் நிற்றலும் இயலாது.

அற்றேல், நனவில் இருவர் ஒரு குடத்தைக் காண்டல் போலக் கனவிலும் இருவர் ஒரு மாளிகையைக் காண்டல் ஆகாதோ எனின், அது வினவத்தக்கதே. நனவிற் குடம் காண்பார் இருவரினும் வேறாய், மாயையின் காரியமாய், அவர் கண்மூடிய வழியும் உளதாய் நிற்றலின் இருவர்க்கும் பொதுவாயிற்று. கனவு மாளிகை எங்குளது? அஃது இருவர்க்கும் புறத்தே உளது எனின், நனவுலகின் வேறாதல் இன்றி அதனையுங் கனவென்றல் பெயரளவேயாம். மூன்றாமவன் ஒருவனும் ஆண்டுச் சென்று காணல் வேண்டும். ஒருவன் அகத்தே உளது எனின், மற்றவர் அதனைக் காணுமாறில்லை. இருவர் அகத்தும் உளது எனின், கனவும் இரண்டேயாம். ஒத்த கனவு இரண்டு என்பதன்றி ஒரு கனவு என்பது அமையாது. டு மோரியேயும் இம்மூன்றாவதையே தம்மையறியாது ஒப்புகின்றார். பீட்டரும் மேரியும் தத்தம் வாழ்வில் ஒருமுறையேனும் கண்ட பொருள்களைக் கொண்டே தம் மாளிகையை நிரப்புகின்றனர் என்று அவர் எழுதினமையின், அம்மாளிகைக்கு முதலாவது நினைவே. நினைவோ ஆளுக்கு ஒன்றாக இரண்டு.

இன்னும், அவர்தம் கனவு மெய்யென்று துணியப்பட்டது எவ்விடத்து? கனவிலன்று, இருவரும் நனவிற் சந்தித்து, ஒருவர் கண்டதை ஒருவர்க்குச் சொல்லி ஒப்புநோக்கிய அவ்விடத்தே. கனவுக்குச் சான்று கூறுவது நனவேயாகலின், நனவையுங் கனவையும் ஒரு நிகரனவாகக் கொள்வார் கூற்றும் இக்கதையால் வலிபெறாது.

ஒத்த கனவுக்குக் காரணம் யாது என்பதே இனி எஞ்சியது. குருதி வழி வந்த நினைவு என்பது இரண்டாங்கூற்று. இது பொருந்தாமை பலவாற்றான் அறியப்படும். ஒரு மூதாட்டியின் வழியினர் இருவர் மட்டும் அல்லர், பலராவர். அவரெல்லாரும் அக்கனவைக் காணல் வேண்டும். ஒரு தாய் வயிற்று உடன்பிறந்தார் பிறரினும் மிகுதியாகக் காணல் வேண்டும். அங்ஙனம் நிகழக் கண்டிலம் என்பது உலகறிந்தது. உயிர்நூலாரும் மரபணு உடலமைப்புக்கு வேண்டுவனவற்றைத் தாங்கி வருவதென்பரன்றி, பாட்டி கேட்ட யாழோசையையும் நடந்த தெருவையும் பெயரனுக்குச் சுமந்து வருவதென்னார். சித்தாந்தம் இதனை வேறோர் அடிப்படையில் விலக்கும். தாய் தந்தையர் தருவது உடம்பு, அது மாயேயம். அவ்வுடம்பில் வந்து புகும் உயிர் அவர்தம் உயிரின் கூறன்று. அனாதியே வேறாய் உள்ளது. தன் வினையைத் தானே ஈட்டித் தானே நுகர்வது. முன்னோர் நுகர்ந்த இன்பதுன்பத்தை வழியினர் தம்முடையதாகவே மீள நுகர்வர் எனின், ஒருவர் வினையைப் பிறரொருவர் நுகர்ந்தார் என்னுங் குற்றம் வந்துறும். அதன்பின் அறஞ் செய்வதற்கும் மறம் அஞ்சுவதற்கும் ஏது இல்லையாம்.

அக்காலத்து விஞ்ஞானம் வளராமையின் டு மோரியே இவ்வாறு கற்பித்தார், இக்கால ஆய்வு அவர்க்குத் துணைசெய்யும் என்பாரும் உளர். 1953-ல் சிகாகோப் பல்கலைக்கழகத்து அசெரின்ஸ்கி, கிளைட்மன் என்னும் இருவர் உறக்கத்திற் கண்கள் விரைந்தசையும் பொழுதுகள் உண்டென்றும், அப்பொழுதில் எழுப்பப்பட்டார் பெரும்பாலுங் கனவுரைத்தனர் என்றும் வெளியிட்டனர். 1975-ல் இங்கிலாந்தில் கீத் ஹெர்ன் என்பார், தாம் காண்பது கனவென அறிந்த ஒருவர் உறக்கத்தினின்றே முன் குறித்தவாறு கண்ணசைத்து அறிவித்ததைப் பதிவு செய்தார். 2021-ல் அமெரிக்கா, பிரான்சு, ஜெர்மனி, நெதர்லாந்து ஆகிய 4 நாட்டு ஆய்வாளர் 36 பேரைக்கொண்டு நிகழ்த்திய சோதனைகளை வெளியிட்டனர். கனவு காண்பாரிடம் எளிய கணக்குகளை வினவ, அவருட் சிலர் கண்ணசைவு முதலியவற்றால் விடை தந்தனர். இவற்றால் வெளிப்பட்டது, நனவில் உள்ளான் ஒருவனுக்கும் கனவில் உள்ளான் ஒருவனுக்கும் இடையே குறிப்பு நிகழ்தல் கூடும் என்பதே. இருவர் ஒரு கனவில் நின்றனர் என்பது இவற்றுள் எதனாலும் நாட்டப்பட்டிலது.

கனவிற் கண்ணசையுமாயின், ஞானேந்திரியங்கள் நெற்றியில் நின்றுவிட்டன என்பது பழுதாகாதோ என ஐயுறுவார்க்குங் கூறுதும் எனச் சித்தாந்த நூலுணர்ந்தார் விடை இறுப்பர். கண்ணாகிய தசையுறுப்பு வேறு. காண்டற்குக் கருவியாகிய தத்துவம் வேறு. உறுப்பு அசைந்தும் புறப்பொருளைக் காணாமையே தத்துவம் ஆண்டுத் தொழிற்படாமைக்குச் சான்று. வினாவொலி கனவினுட் புக்கதெனின், அஃது அவத்தைகள் ஒன்றனுள் ஒன்று விரவும் இயல்பினாலாம். நனவின்கண்ணே ஐந்தவத்தையும் நிகழ்தலை மத்தியாலவத்தை என வகுத்த நூலோர்க்கு இவ்விரவுதல் புதியதன்று.

இனிச் சைவர்க்கு நெருங்கிய தடை ஒன்று உண்டு. 'இருவர் ஒத்த கனவு காண்டல் சேக்கிழார் திருவாக்கிலேயே பலவிடத்தும் வருகின்றதே. பொதுக்கனவுலகம் ஒன்றில்லையாயின் அவை நிகழ்ந்தவாறு எங்ஙனம்?' என்பது அது. இத்தடைக்கு விடை காண்பதே இவ்வாராய்ச்சியின் பயன்.

திருநாளைப்போவார் தில்லை எல்லையில் துயில்கொண்டபோது இறைவர் கனவிற் றோன்றி, எரியில் மூழ்கி வருமாறு அருளினர். அதுபோலவே தில்லைவாழந்தணர்க்கும் எரியமைக்குமாறு அருளினர். ஈண்டு இருதிறத்தாரும் ஒரு காட்சியைக் கண்டிலர். மூழ்குவார்க்கு மூழ்குதலும், அமைப்பார்க்கு அமைத்தலும் என, அவரவர் செயற்குரியதே அவரவர்க்கு உணர்த்தப்பட்டது. பொதுவாய் நின்றது கனவன்று, உணர்த்தினவன்.

திருவீழிமிழலையில் வற்கடம் வந்தகாலை, திருஞானசம்பந்தருக்கும் திருநாவுக்கரசருக்கும் இறைவர் கனவிற் றோன்றி, நாடோறுங் காசு அளிப்பதாக அருளினர். ஈண்டு இருவரும் அறிந்தது ஒன்றே. ஆயினும் அக்காசுகள் ஒருதன்மையவாய் இருந்தில. நாவுக்கரசர் பெற்றது வாசியின்றிச் சென்றது. பிள்ளையார் பெற்றது வாசியுடையதாயிற்று. நாவுக்கரசர் நனவிற் செய்த கைத்தொண்டே அவ்வேறுபாட்டுக்குக் காரணமென்பது வரலாறு. கனவு ஒத்தும் பயன் வேறாயினமையின், கண்டார் இருவர் என்பதும், அவரவர் பணி அவரவரையே சார்ந்தது என்பதும் ஐயமற விளங்கும்.

இவற்றினுஞ் சிறந்த சான்று பூசலார் வரலாறு. நின்றவூர்ப் பூசலார் பொருளின்மையால் மனத்தின்கண்ணே அடிநிலை முதல் விமானம் ஈறாகத் திருக்கோயில் எடுத்தார். காஞ்சியிற் காடவர்கோன் கல்லாற் கோயில் எடுத்தான். இருவரும் ஒரு நாளையே கடவுள் நிறுவுதற்குக் குறித்தனர். அதன் முந்திய இரவில் இறைவர் அரசன் கனவிற் றோன்றி, நின்றவூரன்பன் எடுத்த ஆலயத்தில் நாளைப் புகுவேம், நின் செயலைப் பின்னர்க் கொள்க என்னும் கருத்துப்பட அருளினர். பொதுக்கனவுலகம் ஒன்றுண்டாயின், அன்பர் நினைவில் முற்றுப்பெற்று நின்ற அத்திருக்கோயிலை அரசன் தன் கனவிற் கண்டிருத்தல் வேண்டும். அவன் கண்டிலன், அதனைப் பற்றிக் கேட்டான் அத்துணையே. கேட்டமையாலன்றோ அக்கோயிலைக் காணும் விருப்பினனாய் நின்றவூர் அடைந்து, அஃது எங்குளது என்று ஊராரை வினவினான். அவர் இங்கு அத்தகைய கோயில் இல்லை என்றனர். பூசலார் வாயினின்றே உண்மை வெளிப்பட்டது. ஓர் உயிரின் உள்ளத்துள்ளதை மற்றோர் உயிர் நேரே காணமாட்டாது என்பதும், இரண்டுள்ளத்தினும் ஒருங்கு நிற்பவன் இறைவன் ஒருவனே என்பதும் இவ்வரலாற்றால் வெள்ளிடைமலை.

மூன்றாஞ் சூத்திரத்து மற்றோர் ஏது ஈண்டு நினைக்கத்தக்கது. உயிர் உணர்த்த உணர்வது. தானே அறியும் முற்றறிவும் அன்று. அறிவற்ற சடமும் அன்று. உணர்த்துவான் ஒருவன், உணர்வார் பலர் என்று கொண்டவழி, ஒத்த கனவுகள் எளிதின் அமையும். கடலையோ குருதியையோ பொதுமனத்தையோ இடையே கற்பித்தல் மிகை. ஒத்த கனவெல்லாம் இறைவன் திருவாக்கே எனக் கொள்ளுதலும் ஈண்டுக் கருத்தன்று. ஒரு வீட்டில் வாழ்வார் ஒரே கவலையால் ஒத்த கனவு காண்டலும், நினைவு பிறழ்ந்து ஒருவர் கனவை மற்றவர் தம்முடையதாகச் சொல்லுதலும் உலகில் உண்டு. அருளாற் பெற்ற கனவுக்கு அடையாளம், கண்டாரை நனவில் ஒரு பணிக்கு அது செலுத்துதலே. அந்தணர் எரியமைத்தனர், அரசன் நின்றவூர்க்கு நடந்தான்.

மூன்றாங்கூற்றாகிய, எல்லா உணர்வும் ஈற்றில் ஒன்றாய்க் கூடும் என்பது ஏகான்மவாதத்தை ஒத்த கருத்து. எவ்வுணர்ச்சியும் வீணாகாது என்பது ஆறுதல் தரும் மொழியே. ஆயினும் கூடியபின் மேரி என்பாள் ஒருத்தி இலளாயின், பீட்டர் காத்திருந்தது யார்பொருட்டு? அவள் அவளாகவே மீண்டு வந்து பேசினமையாற்றான் அவன் பித்துத் தெளிந்தான். கதையின் உயிர்நிலை அக்கொள்கையை மறுத்து நிற்றல் காண்க. முத்தியினும் உயிர் கெடாது நின்று, இறைவனோடு இரண்டறக் கலந்து, சிவானந்தம் நுகரும் என்னுஞ் சித்தாந்தமே அவன் ஏக்கத்துக்கு ஏற்ற விடையாம். அவ்வின்பத்துக்கு நிலைக்களன் இறைவன் திருவடியேயன்றி, இறந்தாரோடு கூடுங் கனவு மாளிகையன்று.

இக்கதையை மற்றொன்றோடு ஒப்பிடின் அதன் குறை இன்னும் விளங்கும். 1895-ல் ருட்யார்ட் கிப்ளிங் எழுதிய 'பிரஷ்வுட் பாய்' என்னுஞ் சிறுகதையிலும் ஓர் ஆணும் பெண்ணும் இளமைமுதல் ஒரு கனவுநாட்டைக் காண்கின்றனர். அவர் அதற்குக் கொள்கை ஒன்றும் வகுத்திலர்; கனவிற் பழகிய இருவரும் நனவில் ஒருவரையொருவர் அறிந்து மணத்திற்கு உடன்படுதலோடு கதை முடிகின்றது. பீட்டர்க்கோ நனவு சிறையாய் ஒழிந்தது. 25 ஆண்டுப் பகல்கள் அவனுக்கு இரவை எதிர்நோக்குங் காத்திருப்பே. கொலைப்பழியைக் குறித்துக் கழுவாய் தேடும் முயற்சி அவன்பாற் பெரிதும் காணப்படவில்லை. கனவின் பேரின்பம் அவனுக்கு அவ்வாறு நனவின் கடனை மறப்பித்தது. மனைவியை, மக்களை, பெற்றோரை இழந்தார் பலர் இரவிற் கனவில் அவரைக் காண விழைவர். அவ்விழைவு இகழத்தக்கதன்று, கண்டு சிறிது ஆறுதல் பெறின் அதுவும் நன்றே. ஆனால் காணும் முறை இதுவெனக் கையையுங் காலையும் மாறியிட்டு அதனையே வாழ்வாகக் கொள்ளின், இறந்தார்பொருட்டுச் செய்யத்தக்க அறமும் இருப்பார்க்குச் செய்யத்தக்க கடனும் ஒருங்கே கெடும். மானிட உடம்பு 35 கருவிகளோடு நனவில் நிற்கப் பெற்றது, கையால் தொண்டு செய்தற்கும் நாவால் வழுத்தற்கும் ஆம். அவ்விரண்டற்கும் உரிய பொறிகள் கனவில் உடன்வருவன அல்ல.

'பீட்டர் இபெட்ஸன்' பிரிவுத்துயரை உள்ளவாறு காட்டிய நல்ல கதை; அக்கதை தாங்கிய கொள்கை அத்துயரை ஆற்றும் வலியுடையதன்று. பூசலார் மனத்துட் கோயிலைக் காணப்பெறாது வறுங்கையனாய் நின்ற காடவர்கோன், அன்பர் அடியில் நிலமுற வணங்கித் தன் ஊர்க்கு மீண்டான். பிறர் உள்ளத்தை நேரே காண இயலாத உயிர்க்கு, அவ்வுள்ளத்தில் எழுந்தருளியவனை வணங்குதல் இயலும் என்பதை அவன் செயல் காட்டிற்று.